உங்கள் கல் மட்டும் வயல்

இஞ்சாருங்கோ, மலரின்ரை அப்பா,

இப்படிக் கூப்பிட்டால்தான் நீங்கள் திரும்பிப் பார்ப்பீர்கள். பெயர் சொல்லிக் கூப்பிட எனக்கு இப்போதும் வாய் வராது. ஐந்தாம் வகுப்போடு நின்றவள் எழுதுகிறேன், பிழை இருந்தால் சிரிக்காதீர்கள்.

முதலில் நல்ல சேதி. வீடு கட்ட அனுமதி வந்துவிட்டது. வழக்கும் முடிந்தது.

கண் மூடும்வரை அந்த வழக்குத்தானே உங்கள் வாயில் இருந்தது. அரசாங்கக் கந்தோர்ப் புத்தகத்தில் எங்கள் புத்தூர்க் காணி முழுவதும் வயல் என்று கிடந்தது. வயலில் வீடு கட்ட விடமாட்டோம் என்றார்கள். நீங்களோ, உங்கள் நட்சத்திரம் பார்த்துச் சாத்திரியார் வீடு அமைய நிலையம் எடுத்துத் தந்த இடம், நல்ல நாளைத் தவறவிடக்கூடாது என்று, அனுமதி வரமுன்னமே பள்ளத்தின் விளிம்பில் அத்திவார நாட்கல்லை வைத்துவிட்டீர்கள். பக்கத்துத் தோட்டத்துச் செல்லையா அண்ணை பெட்டிசம் போட்டார். கல்லைக் கிளப்பச் சொல்லி வழக்கு வந்தது. "ஒரு முழம் அரக்கமாட்டன்" என்று கல்லை நகர்த்தாமல் நின்றீர்கள். எனக்கு அதில் கோபமும் இருந்தது, பெருமையும் இருந்தது. ஏன் உங்களிடம் ஒன்றையும் சொல்லாமல் விட்டேன்?

உங்கள் அந்திரட்டிக் கிரியை முடிந்து கொஞ்ச நாளில் செல்லையா அண்ணை வாசல் படலையடியில் வந்து நின்றார்.

"தங்கச்சி, நான் எரிச்சலிலை பெட்டிசம் போடேல்லை. மாரி வெள்ளம் உங்கடை பள்ளத்தாலைதான் வடியிறது. அதை நிரப்பி வீடு கட்டினா என்ரை வெங்காயம் அழுகிப்போம்."

"அதை அவரிட்டைச் சொல்லியிருக்கலாமே, அண்ணை."

"சொன்னனான். 'உம்மடை வெங்காயத்துக்கு நீந்தப் பழக்கும்' எண்டார்."

எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. நீங்கள் போன பிறகு நான் சிரித்தது அன்றைக்குத்தான்.

"மேட்டிலை, கிணத்தடியிலை கட்டு. நானே கோட்டிலை வந்து நீதவானிட்டைச் சொல்லுறன்" என்றார்.

நல்ல யோசனைதான். ஆனால் நீங்கள் உயிரைக் கொடுத்துப் பிடித்த இடத்தை நான் விட்டுக்கொடுப்பதா? மனம் கேட்காமல் சாத்திரியாரிடம் போனேன்.

"காணி ஆற்றை, பிள்ளை?"

"என்ரை சீதனக் காணி, ஐயா."

"அப்ப ஏன் அவரின்ரை நட்சத்திரத்தைத் தந்தனீங்கள்?"

"அவர்தானே வீட்டுக்காரர்."

பஞ்சாங்கத்தை எடுத்து விரித்தார். "இனி நீதானே பிள்ளை" என்று சொல்லி, என் நட்சத்திரத்துக்குத் திரும்ப நிலையம் எடுத்தார். வீடு கிணற்றடி மேட்டில் விழுந்தது. நீங்கள் இருந்திருந்தால் இந்த இடம் வந்திராது. இதற்கு நான் சந்தோசப்படுவதா, அழுவதா, சொல்லுங்கள்.

கோட்டில் செல்லையா அண்ணை சொன்ன சொல் மாறவில்லை. காணியைப் பார்க்க ஓவசியரை அனுப்பினார்கள். மேட்டில் கிணறும் புகையிலைக் கட்டைகளும் இருப்பதைப் பார்த்து, அது தோட்டக் காணிதான், வீடு கட்டலாம் என்று ஒத்துக்கொண்டார்.

"அப்ப வயல் எதுமட்டும், எதுவரைக்கும்?" என்று கேட்டார்.

செல்லையா அண்ணை உங்கள் நாட்கல்லைக் காட்டினார். "உந்தக் கல்லு மட்டும். அதைக் கிளப்ப வேண்டாம், ஐயா. எல்லைக்கல்லாய் நிக்கட்டும்."

கல்லைக் கிளப்பச் சொல்லிப் பெட்டிசம் போட்ட மனிதர்தான். நான் முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டு நின்றேன்.

தெருவில் ஆமிச் சோதனை இல்லாத நாளாகப் பார்த்துக் காங்கேசன்துறைச் சீமெந்து வந்து சேர்ந்தது. சுவர் இப்போது யன்னல் மட்டத்துக்கு வந்துவிட்டது. மலருக்கு யன்னல் பெரிதாக வேண்டுமாம். மேசனோடு நெடுகச் சண்டை. உங்கள் வாய் அப்படியே அவளுக்கு.

பள்ளத்தில் நெல் விதைத்தோம். போன கிழமை மாரி வெள்ளம் வந்தது. உங்கள் கல்லில் மோதித் திரும்பிப் பள்ளத்தாலேயே வடிந்து போனது. செல்லையா அண்ணை வேலிக்கு மேலால் எட்டிப் பார்த்தார்.

"பாத்தியே, தங்கச்சி. மனுசன் இப்பவும் அரக்கமாட்டனெண்டுதான் நிக்கிறார்."

தைக்குப் புது வீட்டில் குடிபூரல். அந்தப் பள்ளத்து நெல்லைக் குத்தித்தான் பொங்கப் போகிறேன். முதல் அகப்பை உங்கள் கல்லடிக்குத்தான். நான் உயிரோடு இருக்கும்வரை அதை ஒருவரும் ஒரு முழம் அரக்க விடமாட்டேன்.

என்றும் உங்கள் மனுசி,
மலரின் அம்மா