நான்காவது கம்பி

நோரிஸ் ரோடு, சிங்கப்பூர்
8.5.1962

லீலாவுக்கு,

நீ ஈப்போ போய்ச் சேர்ந்தாய் என்று உன் அண்ணன் தந்தி அடித்துத்தான் எனக்குத் தெரிகிறது. கட்டிய புருஷனுக்கு நல்ல மரியாதை. டெலிபோன் எக்ஸ்சேஞ்சில் என்னோடு வேலை பார்க்கும் சேக் தாவூது, "உன் வீட்டு லைனே கட்டாயிடுச்சாம் லா" என்று சிரிக்கிறான்.

எல்லாம் ஒரு கம்பிக்காக. மறுபடியும் சொல்கிறேன், கேள். கிட்டாரில் ஆறு கம்பி. மேலே உள்ள தடித்த இரண்டை விட்டுவிடு. மிச்சம் நாலையும் கழுத்தில் ஐந்தாம் ஃப்ரெட் கட்டையில் அழுத்தினால் அதுதான் உன் நாலு கம்பிக் குட்டி வாத்தியம், யுகுலேலே. மூன்று கம்பி அச்சாகப் பொருந்துகிறது. நான்காவது மட்டும் ஒரு ஸ்தாயி மேலே நின்று கத்துகிறது. தடித்தது இருக்க வேண்டிய இடத்தில் எவனோ மெல்லியதைக் கட்டியிருக்கிறான். நான் சரிசெய்தேன். நீயோ, "அது அப்படித்தான் இருக்கணும்" என்கிறாய். அது ஒரு விளக்கமா? தினமும் பழுது பார்க்கிறவனுக்குப் பழுது தெரியாதா?

சனிக்கிழமைக்குள் வந்து சேர்.

பாலகிருஷ்ணன்

ஈப்போ
12.5.1962

அன்புள்ள அத்தானுக்கு,

நலம். நேரத்துக்குச் சாப்பிடுங்கள்.

கிளப் விழா அன்று காலையில் என்னைக் கேட்காமல் கம்பியை மாற்றினீர்கள். மேடையில் விரல் வைத்த பிறகுதான் எனக்கே தெரிந்தது. நான் திணறினேன். நீங்கள் முன்வரிசையில் இருந்துகொண்டு, "கம்பி சரியாத்தான் இருக்கு, அவளுக்குத்தான் இன்னும் பழகலை" என்று எல்லாருக்கும் கேட்கச் சொன்னீர்கள். சிரித்தார்கள்.

நான்காவது கம்பி முதல் கம்பிக்குப் பக்கத்துச் சுருதியில் இருந்தால்தான் யுகுலேலே கலகலவென்று பேசும். அது குட்டிக் கிட்டார் இல்லை. மூன்று தடவை சொன்னேன். அடுப்பு மேடையையும் இப்படித்தான் உங்கள் உயரத்துக்கு ஏற்றினீர்கள். சமைப்பது நான்.

நான் சொன்னது உங்கள் காதில் விழுந்ததா என்று மட்டும் எழுதுங்கள். அடுத்த ரயிலில் வருகிறேன்.

லீலா

சிங்கப்பூர்
20.5.1962

லீலா,

உன் கடிதத்தைப் படித்ததும் பற்றிக்கொண்டு வந்தது. நிரூபித்துவிடலாம் என்று நார்த் பிரிட்ஜ் ரோட்டில் அப்துல் கஃபாரின் வாத்தியக் கடைக்குப் போனேன். மூன்று யுகுலேலே எடுத்துக் காட்டினார். மூன்றிலும் நான்காவது மெல்லியதுதான். "அது அப்படித்தான் தம்பி இருக்கணும்" என்றார். சரி, விஷயம் முடிந்தது. நான் போட்ட கணக்குத்தான் தப்பு. இரண்டு நாளாக என் மேலேயே எரிச்சல்.

மெல்லிய கம்பி வாங்கிக் கட்டிவிட்டேன். அடுப்பு மேடை சரியாகத்தான் இருக்கிறது.

இனி என்ன? வெள்ளிக்கிழமை ரயிலைப் பிடி. ஸ்டேஷனுக்கு வருகிறேன்.

பாலகிருஷ்ணன்

ஈப்போ
22.5.1962

திரு. பாலகிருஷ்ணன் அவர்களுக்கு,

கடைக்காரர் ஒரு தடவை சொன்னதும் உங்களுக்கு விஷயம் முடிந்துவிட்டது. அதே வார்த்தையை உங்கள் வீட்டிலேயே மூன்று தடவை சொன்னவள் நான்.

வெள்ளிக்கிழமை ஸ்டேஷனுக்கு வர வேண்டாம். இங்கே தமிழ்ப் பள்ளியில் பாட்டு டீச்சர் வேலை கிடைத்திருக்கிறது. ஒன்றாம் தேதி சேருகிறேன்.

யுகுலேலேயைப் பார்சலில் அனுப்பிவையுங்கள். வழியில் அறுந்துவிடாமல் கம்பிகளைத் தளர்த்திவிடுங்கள். சுருதி நானே சேர்த்துக்கொள்கிறேன்.

லீலா