பத்தொன்பதாம் பக்கம்

மார்ச் 3

அன்புள்ள தங்கைக்கு,

இங்கே எல்லாரும் நலம், என் முழங்காலைத் தவிர.

உன் கல்லூரிக் கணிதத் துறைத்தலைவர் என் நிரூபணத்தைத் திருப்பி அனுப்பிவிட்டார். 'கணினி எப்போதோ நிரூபித்துவிட்டது' என்று ஒரே வரி. எந்த வரைபடத்துக்கும் நான்கு வண்ணம் போதும், ஒட்டிய நாடுகள் இரண்டு ஒரே வண்ணம் பெறாது என்பது எனக்குத் தெரியாதா? முப்பது வருஷம் அச்சகத்தில் வரைபடங்களுக்கு மை ஊற்றியவன் நான். கணினி ஒவ்வொரு வகையாகச் சரிபார்த்தது. ஏன் என்று சொல்லவில்லை. நான் நாற்பது பக்கத்தில் கையால் சொல்லியிருக்கிறேன். அதைப் படித்து நான்கு வருஷமாக 'அருமை அண்ணா' என்று எழுதியவள் நீ. அதை அவரிடம் போய்ச் சொல்.

உன் அண்ணன்

மார்ச் 12

அன்புள்ள அண்ணா,

தைலம் அனுப்பியிருக்கிறேன். தேய்ப்பதற்கு, அலமாரியில் அடுக்குவதற்கு அல்ல.

அவரிடம் போக முடியாது. பத்தொன்பதாம் பக்கம் தப்பு. ஒரு நாட்டுக்கு வண்ணம் மிஞ்சாதபோது, நீலமும் பச்சையுமாக மாறி மாறி ஒட்டிப் போகும் நாடுகளின் சங்கிலி ஒன்றிலும், அதேபோல நீல-மஞ்சள் சங்கிலி ஒன்றிலும் வண்ணங்களை இடம் மாற்றி, நீலத்தை விடுவிக்கிறீர்கள். தனித்தனியே இரண்டும் சரி. சேர்த்துச் செய்தால் ஒன்று மற்றதைக் கெடுக்கலாம். பெரிய கணித அறிஞர் ஒருவரே இங்கே வழுக்கினார். பதினோரு வருஷம் யாரும் கவனிக்கவில்லை. வரைபடம் ஒன்று இணைத்திருக்கிறேன். பாருங்கள்.

அன்புடன்,
தங்கை

ஏப்ரல் 1

தங்கைக்கு,

உன் வரைபடத்தை நான்கு வண்ணத்தில் முடித்துவிட்டேன். அரை மணி நேரம்! எங்கே தப்பு? அந்த அறிஞருக்குப் பதினோரு வருஷம் கொடுத்தார்கள், எனக்கு ஒன்பது நாளா? "அவளே சொல்லிட்டா, விட்டுத்தொலைங்களேன்" என்கிறாள் உன் அண்ணி. விடமாட்டேன்.

அண்ணன்

ஏப்ரல் 9

அண்ணா,

கண்ணால் பார்த்துப் பூசியிருக்கிறீர்கள். உங்கள் விதிப்படி பூசுங்கள்.

தங்கை

மே 20

தங்கைக்கு,

என் விதிப்படி பூசினேன். பதினோரு நாள். ஒரு பச்சை நீலமானது, பக்கத்து மஞ்சளும் நீலமானது. அழித்துவிட்டுத் திரும்பப் பூசினேன். மறுபடியும் இரண்டு நீலம் ஒட்டிக்கொண்டு நின்றன. நீ சொன்னது சரி. உன் அண்ணி கண்ணில் படாமல் இந்தக் கடிதத்தை நானே தபால்பெட்டியில் போடுகிறேன்.

என் கோபம் அதில் இல்லை. அந்தப் பக்கம் உன் கைக்கு வந்து நான்கு வருஷம். எப்போது கண்டுபிடித்தாய்? உன் மாணவன் எழுதியிருந்தால் மறுநாளே சிவப்பு மையால் அடித்திருப்பாய். எனக்கு மட்டும் 'அருமை'. பள்ளிக்கூடத்தைப் பாதியில் விட்டவன், பாவம், வருத்தப்படுவான் என்றுதானே? அந்தப் பாவம் எனக்கு வேண்டாம்.

புதிதாக ஆறு பக்கம் இணைத்திருக்கிறேன். ஒரு நேரத்தில் ஒரு சங்கிலிதான். படித்துவிட்டு எழுது. படிக்காமல் எழுதுவதாக இருந்தால் இனி எழுதவே வேண்டாம்.

அண்ணன்

ஜூன் 2

அண்ணா,

பத்தொன்பதாம் பக்கத்துத் தப்பை, நான்கு வருஷம் முன்னால் அது வந்த அன்றே கண்டுபிடித்தேன். மன்னிப்புக் கேட்டால் திட்டுவீர்கள், கேட்கவில்லை.

நான்காம் பக்கம், ஏழாவது வரி தப்பு. அந்தச் சங்கிலி சுற்றிக்கொண்டு கிளம்பிய இடத்துக்கே வரலாம். நீங்கள் அதை யோசிக்கவே இல்லை. ஐந்தாம் பக்கம் முழுவதும் அந்த வரியை நம்பியிருக்கிறது, அதுவும் போச்சு. சிவப்பு மையில் அடித்து இணைத்திருக்கிறேன்.

ஆறாம் பக்கத்து முதல் பத்தியில் தப்புக் கண்டுபிடித்து உடைக்க மூன்று நாளாகப் பார்க்கிறேன். முடியவில்லை. இது எனக்குத் தெரியாதது. எப்படி வந்தீர்கள் அங்கே?

தங்கை