மாடி அறை அப்பீலும் தெருமுனை இருமலும்

அன்புள்ள அக்காவுக்கு,

இதை யாருக்கும் காட்டாதே, அத்தானுக்குக்கூட. உன் காலைப் பிடித்துக் கேட்கிறேன், படித்ததும் கிழித்துப் போட்டுவிடு. இங்கே அனைவரும் சுகம், நீ வேளைக்குச் சாப்பிடுகிறாயா, தலையை ஈரத்தோடு முடிகிறாயா என்று அம்மா சொல்லச் சொல்ல நான் எழுதும் வரிகளை இந்த முறை நீயே போட்டுப் படித்துக்கொள். அம்மா கீழே தூங்குகிறாள். நான் நம் மாடி அறையில் போர்வைக்குள் டார்ச்சை வைத்துக்கொண்டு எழுதுகிறேன். போனில் சொல்லலாம் என்றால், ஸ்பீக்கரில் போடு என்பாள். இருட்டில் வரி கோணிக்கொண்டு போகிறது, எழுத்தைக் கேலி செய்யாதே. உன் எழுத்து வெளிச்சத்திலேயே இப்படித்தான் இருக்கும்.

விஷயம் இதுதான். இந்த அறை சித்தப்பாவுக்கு என்று கீழ்க்கோர்ட்டில் தீர்ப்பானதும் அப்பா அப்பீல் போட்டாரே, அது தள்ளுபடியாகிவிட்டது. வாதாடித் தோற்கவில்லை. கூப்பிட்டபோது அப்பீல் போட்டவரே அங்கே இல்லை. நம் வக்கீல் வேறொரு கோர்ட்டில் மாட்டிக்கொள்ள, அப்பா நின்று வாய்தா கேட்டிருக்க வேண்டும். அப்பா குளிக்கப் போயிருந்தபோது வக்கீல் போன் செய்தார், நான்தான் எடுத்தேன். "ஏன் வரலைன்னு சரியான காரணம் எழுதி மனு போட்டா திரும்ப எடுத்துப்பாங்கம்மா. வெள்ளிக்கிழமையோட கெடு முடியுது, உங்கப்பா கையெழுத்துப் போட மாட்டேங்கறாரு" என்றார்.

அப்பாவைப் பிடித்துக் கேட்டேன். முதலில் மழுப்பினார். பிறகு, அம்மாவிடம் சொல்லக்கூடாது என்று சத்தியம் வாங்கிக்கொண்டு சொன்னார். சிரிக்காதே அக்கா. நம் அப்பாவும் சித்தப்பாவும் இத்தனை வருஷமாக கோர்ட்டுக்கு ஒரே ஸ்கூட்டரில்தான் போகிறார்களாம்! சித்தப்பா தெருமுனையில் நின்று ஒரு இருமல் இருமுவார். அப்பா சாவியை எடுத்துக்கொண்டு, முகத்தை உர்ரென்று வைத்துக்கொண்டு கிளம்புவார். "இன்னைக்கு அவனை ஒரு வழி பண்ணிட்டு வாங்க" என்று அம்மா வாசல்வரை வந்து வழியனுப்புவாள். அங்கே சித்தியும் இதையேதான் சொல்லியிருப்பாள். இந்த முறை கோர்ட் படியிலேயே சித்தப்பா தலைசுற்றி விழுந்துவிட்டார். அப்பா அவரை அள்ளிப்போட்டுக்கொண்டு ஆஸ்பத்திரிக்கு ஓடிவிட்டார். சித்தப்பாவின் வக்கீலுக்கும் அது தெரியாது. அப்பீல்காரர் வரவில்லை என்று அவர் பாட்டுக்குச் சொல்லிவிட்டார்.

அதையே எழுதிக் கொடுங்கள் என்றேன். "எதிராளியைத் தூக்கிட்டு ஓடினேன்னு எழுதவா? கோர்ட்டு சிரிச்சா சிரிச்சுட்டுப் போகட்டும்டி, உங்கம்மா சும்மா விடுவாளா?" என்கிறார். ஆஸ்பத்திரிச் சீட்டும் சித்தப்பாவிடம் இருக்கிறது. அதைக் கேட்கவும் வெட்கமாம். அம்மாவோ ஒன்றும் தெரியாமல், ஜெயித்ததும் இந்த அறைக்கு அடிக்க இளநீலமா வெளிர்பச்சையா என்று என்னைக் கேட்டுக்கொண்டிருக்கிறாள். நான் தலையாட்டும்போதெல்லாம் அழுகை வருகிறது. அறை போனால் நான் கூடத்தில் அப்பாவின் குறட்டைக்கு நடுவில் பரீட்சைக்குப் படிக்க வேண்டும். நீ விட்டுப்போன சாமானெல்லாம் எங்கே போகும் என்று யோசி. அந்த ஓட்டை மேளத்தையும் சேர்த்துத்தான்.

ஆகையால் இந்தக் கடிதம் கிடைத்ததுமே அப்பாவை அவர் வேலை செய்யும் இடத்துக்குப் போன் செய்து கூப்பிடு. வக்கீல் உனக்குச் சொன்னதாகச் சொல். நீ அதட்டினால் கேட்பார், நான் அதட்டினால் கன்னத்தைக் கிள்ளுகிறார். வெள்ளிக்கிழமையை மறந்துவிடாதே. சின்னவள் ஆசீர்வாதம் செய்யக்கூடாதாம், அதனால் அம்மா வழக்கமாகச் சொல்லும் நூறாயுசையும் அவளைக் கேட்காமலே அனுப்புகிறேன். யாராவது வருவதற்குள் கையெழுத்தையும் போட்டுவிடுகிறேன்.

உன் தங்கை,
வாலு

அக்கா, கீழே வாசல் கதவை யாரோ தட்டுகிறார்கள். இந்நேரத்தில் யார்? அம்மா எழுந்துவிட்டாள், "யாரது?" என்கிறாள். அம்மாதான் தாழ்ப்பாளை எடுக்கிறாள். ஐயோ, வெளியே ஒரு இருமல்