இரண்டாம் பக்கத்தைத் தின்ற பூனை

ஜூன் 3

என் அருமைச் சண்டைக்கோழிக்கு,

உன் மாமா ஆயிரம் ஆசிகளையும், கைவசம் மிச்சமிருக்கும் சில்லறை ஆசிகளையும் சேர்த்து அனுப்பி எழுதுவது.

இப்போது நான் சொல்லப்போகும் கதையை இந்தப் பூமியில் ஒரு ஜீவனும் நம்பாது என்று முதலிலேயே சத்தியம் செய்துவிடுகிறேன். உன் அம்மா நிச்சயம் நம்பமாட்டாள். என் அக்காவாகிய அவள், நான் தொட்டிலில் அழுதபோதே "சும்மா நடிக்கிறான்" என்று சாட்சி சொன்னவள்.

போன வாரம் போனில் கேட்டாயே, "மாமா, மேல்முறையீட்டுல நீங்கல்லாம் எப்படித்தான் முடிவெடுக்கறீங்க?" என்று. போனில் உளறினால் அடித்துத் திருத்த முடியாது. அதனால்தான் கடிதம். கேட்டுக்கொள்.

எங்கள் மேல்நீதிமன்றத்துக்கு வழக்குக் கட்டுகள் கிரேனில்தான் வந்து இறங்கும். அந்தக் கனத்தில் கட்டடம் வருஷத்துக்கு ஒரு படி பூமிக்குள் போகிறது. நான் சேர்ந்தபோது மூன்றாம் மாடியில் இருந்த என் அறை இப்போது இரண்டாம் மாடியில் இருக்கிறது. என்னைத் தவிர அங்கே மூன்று நீதிபதிகள். பெரியவர் இருமினால் ஆறு வக்கீல்கள் தொழிலை விட்டுவிட்டு வீட்டுக்குப் போய்விடுவார்கள். மீசைக்காரர் மீசையை இடப்பக்கம் முறுக்கினால் தள்ளுபடி, வலப்பக்கம் முறுக்கினால் அனுமதி; கடைசி வரிசை ஜூனியர்கள் தொலைநோக்கியோடு வருகிறார்கள். போன வருஷம் வந்த நீதிபதி அம்மாவுக்குப் 'புதுசு' என்று பெயர் வைத்திருக்கிறோம். அவர் படிக்கிற வேகத்தில் தாள் பற்றிக்கொள்ளும். பக்கத்தில் ஒருவன் தண்ணீர் வாளியோடு நிற்கிறான்.

மூவரும் வாதம் கேட்டு முடித்ததும் உள்ளறைக்குப் போய்க் கதவைச் சாத்துவார்கள். அங்கே ஒரு சட்டம் உண்டு: புதுசுதான் முதலில் வாயைத் திறக்க வேண்டும். பெரியவர் கடைசி. பெரியவர் முதலில் பேசிவிட்டால் மற்ற இருவருக்கும் "ஆமாம்" என்பதைத் தவிர மீதித் தமிழெல்லாம் மறந்துபோகும். பிறகு ஒருவர் தீர்ப்பை எழுதுவார். மற்ற இருவரும் அதைப் படித்துவிட்டுக் கையெழுத்துப் போடுவார்கள், அல்லது கத்தி தீட்டுவார்கள்.

ஒரு செய்தி. நீ தீர்ப்புச் சொன்ன மரக்கிடங்குத் தீ வழக்கு எங்களிடம் வந்துவிட்டது. எனக்குத்தான் வந்திருக்க வேண்டும். "எழுதியவள் என் அக்கா மகள், என் கறுப்பு அங்கியை முதன்முதலில் நனைத்தவளும் அவளே, ஆகவே ஒதுங்குகிறேன்" என்று எழுதிக் கொடுத்துவிட்டேன். மேற்படி மூவர்தான் கேட்கப்போகிறார்கள். நேற்று படிக்கட்டில் மீசைக்காரர் மறித்தார். "உங்க அக்கா பொண்ணு எழுத்து இருக்கே, வரிக்கு வரி கல்வெட்டு சார்" என்றார். நான் காதைப் பொத்திக்கொண்டு ஓடினேன். ஓடும்போது கொஞ்சம் மெதுவாகத்தான் ஓடினேன்.

இப்படிக்கு,
நான்காவது நாற்காலியின் முடிசூடா மன்னன்,
உன் மாமா


ஜூன் 9

அன்புள்ள மாமாவுக்கு,

நலம். நீங்களும் அத்தையும் நலமா?

உங்கள் கடிதத்தை இவரிடம் படித்துக்காட்டினேன். மீசை வரைக்கும் சிரித்தோம். படிக்கட்டுக்கு வந்ததும் கடிதத்தை மடித்து வைத்துவிட்டேன். அன்றிலிருந்து ஒரு இடத்தில் உட்கார முடியவில்லை. சமையலறை அலமாரியை இரண்டு தரம் ஒழித்து அடுக்கிவிட்டேன். "அடுத்தது என்னையும் தூசி தட்டி மேல் தட்டுல வெச்சிடாத" என்கிறார் இவர்.

விஷயம் இதுதான். அந்த வழக்கில் ஒரே ஒரு சாட்சி, கிடங்குக் காவலாளி. புகைக்குள் ஒருவன் போவதைப் பின்னாலிருந்து பார்த்திருக்கிறார். முகம் பார்க்கவில்லை. "நடையே போதும்மா, இடது தோள் சாயும், அந்த மெக்கானிக்தான்" என்றார். கிடங்கில் வேலை பார்த்து நீக்கப்பட்டவன் அந்த மெக்கானிக். காவலாளி துளிகூடத் தடுமாறவில்லை. நான் நம்பினேன். "சந்தேகத்தின் நிழல்கூட இல்லை" என்று எழுதினேன். பத்து வருஷம் கொடுத்தேன். ஏதாவது சொல்ல வேண்டுமா என்று கேட்டதற்கு அவன், "நான் எப்படி நடக்கறேன்னு எனக்கே தெரியாதேம்மா" என்றான்.

போன மாதம் எங்கள் நீதிமன்றத் தாழ்வாரத்தில் கூட்டத்துக்கு நடுவே இவர் போய்க்கொண்டிருந்தார். ஓடிப்போய்ச் சட்டைக் கையைப் பிடித்து, "வீட்டுச் சாவிய எங்க வெச்சுத் தொலைச்சீங்க" என்றேன். திரும்பியது யாரோ ஒரு மனிதர். பாவம், தன் பையைத் துழாவிப் பார்த்தார். பன்னிரண்டு வருஷம் கூடக் குடித்தனம் நடத்துகிற ஆளின் நடை, மாமா.

இதோ இரண்டாம் பக்கம். இதை எழுதத் தயங்கித்தான் முதல் பக்கத்தை நிரப்பினேன்.

நான் கையெழுத்துப் போட்டாகிவிட்டது. அந்த வழக்கில் எனக்கு இனி வாய் கிடையாது. மேலே இருப்பவர்கள் அந்தக் காவலாளியைப் பார்க்கப் போவதில்லை, தாளைத்தான் பார்ப்பார்கள். "நேரில் பார்த்தவள் அவள், நாம் பார்க்கவில்லை" என்று என் கல்வெட்டின் மேலேயே சாய்ந்துகொள்வார்கள். நான் நன்றாக எழுதியதுதான் அவன் கழுத்துக்குக் கயிறாகப்போகிறது.

காலையில் பெஞ்சுக்கு ஏறுவதற்கு முன் நீங்கள் எல்லோரும் ஒரே மேசையில்தானே தேநீர் குடிப்பீர்கள்? ஒரு வார்த்தை மாமா. பொதுவாக. "நடையை வெச்சு ஆளைச் சொல்ல முடியுமா?" என்று யாரையும் பார்க்காமல் ஒரு வார்த்தை. இதுவரைக்கும் உங்களிடம் நான் எதுவும் கேட்டதில்லை.

சண்டைக்கோழி


ஜூன் 15

என் அருமைச் சண்டைக்கோழிக்கு,

ஒரு பேரிடரைத் தெரிவிக்க வேண்டியிருக்கிறது. உன் கடிதத்தின் இரண்டாம் பக்கத்தைப் பூனை தின்றுவிட்டது.

எந்தப் பூனை என்று கேட்பாய். காது கிழிந்த சாம்பல் பூனை. என் அறை ஜன்னல் வழியாக வந்து, வழக்குக் கட்டின் மேல் படுத்து, தீர்ப்பை ஒத்திவைக்கும். அதன் சட்ட அறிவு அபாரம். இதுவரை அது தின்ற ஆவணங்களைச் செரித்த வகையில் உலகத்தில் எந்த நீதிபதிக்கும் இல்லாத பாண்டித்தியம் அதற்கு உண்டு. ஒரு முறை நான் எழுதிக்கொண்டிருந்த தீர்ப்பின் மேல் மசிக்காலோடு நடந்தது. அந்தக் காலடிகளை மூன்று பல்கலைக்கழகங்களில் பாடமாக வைத்திருக்கிறார்கள். இப்போதெல்லாம் காலைத் தேநீர் நானும் அதுவும்தான் குடிக்கிறோம். எனக்குக் கோப்பை, அதற்குச் சாசர்.

அந்த இரண்டாம் பக்கத்தை மென்று முடித்துவிட்டு அது என்னைப் பார்த்துச் சொன்னது:

"ஐயா, மண்டபத்துல ஒருத்தர் ஒண்ணு சொன்னா, எதிர்ப்பக்கம் எழுந்து நின்னு 'அது அப்படி இல்லை'ன்னு சொல்ல ஒரு வக்கீல் இருக்கார். தேநீர்ல கரைச்சு ஊத்தற வார்த்தைக்கு எதிர்வாதம் சொல்ல யார் இருக்கா? இன்னிக்கு ஒருத்தனை வெளிய விடச் சொல்ற மாமா, நாளைக்கு ஒருத்தனை உள்ள வெக்கச் சொன்னா?"

நான் "வாயை மூடிட்டுப் பாலைக் குடி" என்றேன். குடித்தது.

மண்டபத்து வேடிக்கை இன்னொன்று சொல்கிறேன். நாங்கள் மேலே உட்கார்ந்து வக்கீலைத் துளைத்தெடுக்கிற கேள்விகள் இருக்கின்றனவே, பாதிக் கேள்விகள் வக்கீலுக்கு இல்லை. பக்கத்து நாற்காலி நீதிபதிக்குப் போடுகிற தூண்டில். வக்கீல் பாவம், வியர்த்துக் கொட்டிப் பதில் சொல்வார். மீன் பக்கத்தில் அமைதியாக உட்கார்ந்து யோசிக்கும். ஆகவே பொதுவாகச் சொல்கிறேன், மூன்று தலைகளும் நீ நினைக்கிற அளவுக்குக் கட்டை இல்லை.

உன் வீட்டுக்காரரைத் தூசி தட்டாதே. தும்மல் வரும்.

பூனையின் ஜூனியர்,
உன் மாமா


ஜூன் 22

மாண்புமிகு நீதிபதி அவர்களுக்கு,

தங்கள் 15ஆம் தேதிக் கடிதம் கிடைக்கப்பெற்றது.

ஒருவன் உள்ளே கிடக்கிறான். நீங்கள் பூனைக் கதை எழுதுகிறீர்கள்.

முடியாது என்றால் முடியாது என்று எழுதியிருக்கலாம். நான் கேட்டது தவறு என்றால், "போடி, இப்படிக் கேட்கலாமா?" என்று நாலு வரி திட்டியிருக்கலாம். சின்ன வயதில் நான் விழுந்து முழங்காலைப் பெயர்த்துக்கொண்டபோதும் இப்படித்தான், பூமிக்கு வலித்திருக்கும் என்று கதை சொன்னீர்கள். அப்போது எனக்கு ஐந்து வயது. இப்போது எனக்கு வலித்தால் வலிக்கிறது என்று ஒருவர் சொன்னால் போதும்.

இனிமேல் வழக்கு முடியும்வரை கடிதம் வேண்டாம்.

தங்கள் உண்மையுள்ள,
மாவட்ட நீதிபதி


ஜூலை 11

என் அருமைச் சண்டைக்கோழிக்கு,

கடிதம் வேண்டாம் என்ற உத்தரவின் மேல் மறுசீராய்வு கோரி இந்த மனு.

அத்தை உனக்காகப் பின்னுகிற கம்பளி இப்போது வாசல் தாண்டித் தெருமுனைக்குப் போய்விட்டது. பேருந்துகளை வேறு வழியாக விடுகிறார்கள். எனக்கு முழங்கால் வலி. பூமிக்கு இல்லை, எனக்குத்தான்.

பூனை கொழுத்துவிட்டது. பிஸ்கட் பழகிவிட்டது. மாரி பிஸ்கட் தவிர வேறெதையும் அது ஏற்பதில்லை.

பதில் போடு. போடாவிட்டாலும் தபால்காரரை நான் சந்தேகப்பட மாட்டேன்.

மாமா


ஆகஸ்ட் 28

மாமா,

தீர்ப்பு வந்துவிட்டது. படித்திருப்பீர்கள். என் தீர்ப்பைக் கவிழ்த்துவிட்டார்கள். இருவர் ஒரு பக்கம், மீசைக்காரர் ஒரு பக்கம். அவர் தனித்தீர்ப்பில் என் எழுத்தை நான்கு பக்கம் பாராட்டி, தண்டனையை உறுதி செய்யச் சொல்லியிருக்கிறார். என்னைப் பாராட்டியவர் தோற்றார். அவர் தோற்றதற்காக நான் சமையலறையில் நின்று அழுதேன். இவர் பயந்துபோய் அலமாரியை ஒழிக்க ஆரம்பித்துவிட்டார்.

புதுசு எழுதியதுதான் தீர்ப்பு. உறுதி செய்வதாகவே மூவரும் முடிவெடுத்திருந்தார்களாம். உறுதி செய்யத்தான் எழுதத் தொடங்கினாராம். அதை மறைக்காமல் முதல் பத்தியிலேயே சொல்கிறார். காவலாளி அடையாளம் காட்டிய இடத்துக்கு வந்ததும், என் சாட்சியப் பதிவிலிருந்து ஒரு வரியை எடுத்து எழுதியிருக்கிறார். "குற்றம் சாட்டப்பட்டவர் பெஞ்சில் உட்கார்ந்திருந்தார்; சாட்சி அவரைச் சுட்டிக்காட்டினார்." அதற்கு மேல் எழுத வரவில்லை என்கிறார். நடையை வைத்து அறிந்த ஆளை, உட்கார்ந்த நிலையில் எப்படி அடையாளம் காட்டினார்? நடந்துகாட்டச் சொல்லி யாராவது கேட்டார்களா? அரசு வக்கீல் கேட்கவில்லை. அவன் வக்கீலும் கேட்கவில்லை. "விசாரணை நீதிபதியும் கேட்கவில்லை." அந்த வரைவைப் படித்துவிட்டுப் பெரியவர் மனம் மாறிக் கையெழுத்துப் போட்டிருக்கிறார்.

அந்த வரியை எழுதியது நான்தான் மாமா. பார்த்ததையெல்லாம் எழுது என்று பழக்கிவிட்ட கை எழுதியது, தலை கவனிக்கவில்லை. இன்னொன்றும் உறைத்தது. நான் நீதிபதி இருக்கையில் ஏறுவதற்கு முன்பே அவனைக் கொண்டுவந்து உட்கார வைத்துவிடுவார்கள். நான் இறங்கிப் போன பிறகுதான் எழுப்புவார்கள். அவன் எப்படி நடப்பான் என்று நான் இன்றுவரை பார்த்ததே இல்லை.

நேற்று வெளியே வந்துவிட்டானாம். நான் தூங்க வேண்டும். தூக்கம் வரவில்லை. ஏனென்றால் இப்போது வேறு ஒன்று அரிக்கிறது. ஜூனில் நான் எதைக் கேட்டேனோ, அதை நீங்கள் செய்திருந்தால்? அந்த அம்மா அதைத் தானே கண்டாரா, அல்லது யாரோ தேநீரில் ஒரு வார்த்தை போட்டு, அது அவர் கண்ணைத் திருப்பிவிட்டதா? அப்படியானால் அவன் என் மாமாவால் வெளியே வந்தவன். நாளைக்கு என் மாமாவைப் போல ஒருவரால் இன்னொருவன் உள்ளே போவான். பூனை சொன்னது அப்போது புரியவில்லை.

அன்றைக்குத் திட்டச் சொன்னேன். இன்றைக்குத் திட்ட வேண்டாம். கதையும் வேண்டாம். சொன்னீர்களா, இல்லையா?

உங்கள் அக்கா மகள்


செப்டம்பர் 2

என் அருமைச் சண்டைக்கோழிக்கு,

கதை வேண்டாம் என்கிறாய். மீனிடம் நீந்தாதே என்கிறாய். முயல்கிறேன்.

கிரேன் பொய். என் அறை சேர்ந்த நாளிலிருந்து இரண்டாம் மாடியில்தான் இருக்கிறது. பெரியவர் இருமினால் அவருக்குத்தான் தொண்டை வலிக்கும். மீசை எந்தப் பக்கம் முறுக்கினாலும் ஒன்றும் ஆகாது, இந்த முறை நீயே பார்த்தாய். புதுசு மெதுவாகப் படிக்கிறவர், ஒரு வரியில் அரைநாள் உட்காருவார். உனக்கு அது நல்லதாய்ப் போயிற்று. கம்பளி மணிக்கட்டு வரைக்கும்தான் வந்திருக்கிறது, அத்தை அளவு கேட்கிறாள்.

இரண்டாம் பக்கத்தையும் யாரும் தின்னவில்லை. அது என் சட்டைப் பையில் இருந்தது. படித்தேன். மறுபடி படித்தேன். துணி துவைக்கப் போடும்போதெல்லாம் எடுத்து அடுத்த சட்டைக்கு மாற்றினேன். உனக்கு வலிக்கிறது என்று தெரியும். மறுநாள் காலை தேநீர் அறை வாசல்வரை போனேன். உள்ளே மூவரும் சிரித்துப் பேசிக்கொண்டிருந்தார்கள். புதுசு என்னைப் பார்த்து, "வாங்க சார், உங்களுக்குச் சர்க்கரை எத்தனை?" என்றார். என் வாயைப் பற்றி உன் அம்மாவைக் கேள். அது ஒரு செய்தியை வைத்துக்கொண்டு ஒரு கோப்பை முடியும்வரை சும்மா இருந்ததாக வரலாறு இல்லை. "எனக்குத் தேநீர் ஒத்துக்கல" என்று சொல்லித் திரும்பிவிட்டேன். தீர்ப்பு வரும்வரை அந்த மேசையில் நான் உட்காரவில்லை. பெரியவருக்கு என் மேல் வருத்தம். எனக்குக் கர்வம் வந்துவிட்டதாக மீசைக்காரர் நினைக்கிறார், நினைக்கட்டும்.

ஆகவே அந்த அம்மா கண்டது அவராகக் கண்டது. உன் கை எழுதி வைத்திருந்ததை அவர் கண் எடுத்தது. நடுவில் யாரும் இல்லை. தூங்கு.

இவ்வளவு காலமும் உனக்கு நான் எழுதிய புளுகுகளில் ஒரே ஒரு சின்ன விஷயம் நிஜம் என்று இப்போது ஒப்புக்கொள்கிறேன். பூனை இருக்கிறது. காது கிழிந்தது, சாம்பல் நிறம். இத்தனை நாளும் காலையில் கதவைச் சாத்திக்கொண்டு அதனோடுதான் தேநீர் குடித்தேன்.

உன் மாமா