பெயின்ட் ஷாப் மாடசாமி வரைந்த படம்

ஓசூர்
ஞாயிற்றுக்கிழமை

அன்பு மகள் சத்யப்ரியாவுக்கு அம்மா எழுதுவது. இங்கே நானும் உன் அப்பாவும் சுகம், அவருடைய முழங்கால் வலி மட்டும் மழை வந்தால் வருகிறது, மழை விட்டால் போகிறது. நீயும் மாப்பிள்ளை நவீன்குமாரும் அந்த அமெரிக்கக் குளிரில் காதை மூடிக்கொண்டு நன்றாக இருக்க வேண்டும். பக்கத்து வீட்டுச் சாந்தம்மா பாதி தெலுங்கும் பாதி தமிழுமாக, "அம்மாயி எப்ப வருது"ன்னு உன்னைப் பற்றித் தினமும் கேட்கிறாள். நாகரசம்பட்டி மாங்காய் வந்துவிட்டது, ஊறுகாய் போட்டிருக்கிறேன்.

அடுத்த மாதம் நான் வரைந்த மூன்று படங்களை இங்கே கண்காட்சியில் மாட்டப் போகிறார்கள், எஸ். குமார் என்று கையெழுத்துப் போடப் போகிறேன், இங்கே இருப்பவர்கள் வாயில் நுழைய வேண்டாமா என்று போனில் சொன்னாயே. அப்போது சரி என்றுவிட்டேன். அது சரியில்லை. போனில் சொன்னால் நான் அழுதுவிடுவேன், நீ பேச்சை மாற்றிவிடுவாய், அதனால்தான் இந்தக் கடிதம்.

அந்த ஊர் ஓவியர் ஹன்னா எல்வெல் பற்றி நீ தமிழில் எழுதி அனுப்பிய கதையை இரண்டு தடவை படித்தேன். நூற்றைம்பது வருடத்துக்கு முன்னால் ஒரு பெண் கப்பல்காரர்களையும் அவர்கள் பிள்ளைகளையும் வரைந்தே வயிற்றைக் கழுவினாள் என்றால் லேசா? ஒரு இடத்தில்தான் தடுமாறிவிட்டேன். இனிஷியல் மட்டும் போட்டாள் என்று வருத்தமாக எழுதியிருந்தாய். இதில் என்ன வருத்தம், இனிஷியல் என்றால் அப்பா பெயர்தானே, பெற்றவரை மறக்காத பிள்ளை என்று மெச்சிக்கொண்டேன். பிறகுதான் புரிந்தது, அங்கே ஒற்றை எழுத்தாகச் சுருங்கியது அவள் பெயரேதான். எச். எல்வெல் என்று பார்த்துவிட்டு எல்லோரும் ஆண்பிள்ளை என்று நினைத்தார்களாம், பாராட்டுக் கடிதங்கள் ஐயா என்றே வந்தனவாம். கல்யாணமாகிப் பதினோரு வருடம் பிரஷ்ஷைத் தொடவில்லை, கணவர் போன பிறகு மறுபடி வரைந்தாள், தலை நரைத்த காலத்தில் பழைய படங்களைத் தேடிப் போய் முழுப் பெயரையும் எழுதினாள், நாற்பதில் ஏழுதான் கிடைத்தன என்று எழுதியிருந்தாய். அந்த ஏழு என் மனதை விட்டுப் போகவே இல்லை.

அப்பா பெயின்ட் பிரிவில் வேலை பார்த்த கம்பெனியின் கேன்டீன் வாசலில் தொங்கிய படம் ஞாபகம் இருக்கிறதா? கம்பெனி பஸ்ஸுக்குக் காத்து நிற்கும் அம்மாவும், மஞ்சள் பாவாடைக் குழந்தையும். அந்தக் குழந்தை நீ. வரைந்தது நான். பாதுகாப்பு வார ஓவியப் போட்டியில் கம்பெனியில் வேலை செய்கிறவர்கள்தான் கலந்துகொள்ளலாம் என்றார்கள், அதனால் அப்பா காலை ஷிப்டுக்குப் போன பிறகு நான் வரைய, அடியில் மாடசாமி, பெயின்ட் ஷாப், டோக்கன் நம்பர் 417 என்று அவர் எழுதிக் கொடுத்தார். முதல் பரிசாக ஒரு குக்கர் கிடைத்தது. அந்தக் குக்கரில்தான் இன்றும் பருப்பு வேகிறது. கம்பெனிக் குடும்ப விழாவில் நீ எல்லோரையும் இழுத்துப் போய், எங்கப்பா வரஞ்சது என்று காட்டினாய். உன் முகத்தைப் பார்த்து வாயை மூடிக்கொண்டேன். அப்பா கைதான் எனக்கு வந்திருக்கிறது என்று சொல்லிச் சொல்லியே நீ வளர்ந்தாய். எத்தனையோ தடவை நாக்கு நுனிவரை வந்தது, விழுங்கிவிட்டேன். அந்த நாட்கள் இனிமையானவைதான், இல்லை என்று சொல்லமாட்டேன். ஆனால் கொஞ்சம் வலித்தது மகளே.

உன் கதையை அப்பாவுக்கு வாசித்துக் காட்டினேன். மறுநாளே அவர், ரிட்டையரான பிறகு முதல் தடவையாகக் கம்பெனிக்குப் போய், ஸ்டோர் ரூமில் கிடந்த படத்தைக் கேட்டு வாங்கி, செய்தித்தாளில் சுற்றிக்கொண்டு வந்தார். "ஏட்டி, சொல்லிச் சொல்லி நானே வரஞ்சேன்னு நெனச்சிட்டேன் பாத்துக்க" என்றார். அப்புறம் தன் பெயரை அடித்துவிட்டு, பெரிய எழுத்தில் மா. காளியம்மாள் என்று எழுதினார். மறுபடியும் அவர் இனிஷியல்! எனக்குச் சிரிப்பு தாங்கவில்லை, ஏன் சிரிக்கிறேன் என்று மனிதருக்குப் புரியவே இல்லை. ரேஷன் கார்டிலேயே அப்படித்தானே இருக்கிறது என்றார். பேனாவை வாங்கி மா-வை அடித்தேன். எங்கள் அப்பா சுடலைமுத்துவின் சு-வையும் போடவில்லை.

ஊருக்குத்தான் உபதேசமா சத்யப்ரியா? ஹன்னாவுக்காக அவ்வளவு எழுதிய நீ, உன் படத்தில் மாப்பிள்ளை பெயரின் பாதியைப் போடுவாயா? அவர் தங்கமான பிள்ளை, கோபித்துக்கொள்ளமாட்டார். அவர்கள் வாயில் நுழையாவிட்டால் நுழைகிறவரை பழகட்டும். ஈரம் காய்வதற்குள் உன் பெயரை முழுசாக எழுதிவிடு, நரைத்த பிறகு படம் படமாகத் தேடிப் போகாதே.

நீயும் மாப்பிள்ளையும் நீடூழி வாழ அங்காளம்மன் துணை இருப்பாள். வேளைக்குச் சாப்பிடு, தலைக்கு எண்ணெய் வை. படத்தை மாட்டியதும் போட்டோ அனுப்பு, உன் முகம் இல்லாவிட்டாலும் பரவாயில்லை, கையெழுத்துப் போட்ட மூலை தெரிய வேண்டும்.

இப்படிக்கு,
அந்தப் படத்தை வரைந்த
காளியம்மாள்