சிம்சிமுக்குச் சுட்ட பிஸ்கட்

ஸஹ்லே,
செவ்வாய்க்கிழமை, மதியம்

அன்பு மகள் நைலாவுக்கு அப்பா எழுதிக்கொள்வது. நானும் உன் அம்மாவும் உடம்பளவில் சுகம், அங்கே மாண்ட்ரியாலில் அந்தப் பனியிலும் குளிரிலும் நீ சுகமாக இருக்க வேண்டும், கன்னி மாதா உன் கூடவே இருக்கட்டும். தினமும் போனில் முகம் பார்த்துப் பேசுகிற காலத்தில் இந்த மனுஷன் எதற்குப் பேப்பரைத் தேடி எடுத்தான் என்று நீ நினைப்பாய். போனில் பேசினால் பக்கத்தில் உன் அம்மா நிற்கிறாள். அவள் நிற்காவிட்டாலும் உன் முகத்தைப் பார்த்துக்கொண்டு இதைச் சொல்ல எனக்கு வாய் வரவில்லை, இரண்டு தடவை முயன்றேன், இரண்டு தடவையும் மழை வருமா வராதா என்று பேசிவிட்டு வைத்துவிட்டேன். எதிர்வீட்டு சாமியா வியாழக்கிழமை மகனைப் பார்க்க மாண்ட்ரியால் வருகிறாள், அவள் கையில் இதைக் கொடுத்தனுப்புகிறேன். உறையை இரண்டு தடவை ஒட்டித்தான் கொடுப்பேன், அவள் குணம் உனக்கே தெரியும்.

இங்கே செய்தி என்று சொன்னால், பால்பெக் பக்கத்துக் கிராமங்களிலிருந்து குண்டுக்குப் பயந்து வந்தவர்கள் இன்னும் நம் பள்ளிக்கூடத்தில்தான் இருக்கிறார்கள், வகுப்புக்கு மூன்று குடும்பம். அவர்களுக்கும் சேர்த்து ரொட்டி சுடுவதால் பேக்கரி அடுப்பு அணைவதே இல்லை, என் முழங்கால் என்னைத் திட்டிக்கொண்டே கூட வருகிறது. உன் அண்ணன் நாஜி குவைத்திலிருந்து வாரம் ஒரு தடவை கூப்பிட்டு எல்லாரும் உயிரோடு இருக்கிறோமா என்று எண்ணிப் பார்த்துவிட்டு வைத்துவிடுகிறான். பெய்ரூத்தில் உன் சித்தி ஒடெத்துக்கு இடுப்பில் அறுவை செய்தது ஆறி வருகிறது, கம்பு ஊன்றி நடக்கிறாளாம். அவளைப் பார்த்துக்கொள்ள உன் அம்மா போன மாதம் பன்னிரண்டு நாள் பெய்ரூத்தில் இருந்தாள் அல்லவா, நான் சொல்ல வந்தது அந்தப் பன்னிரண்டு நாளைப் பற்றித்தான். சுற்றி வளைத்துப் பேசினால் கடைசியில் சொல்லாமலே கையெழுத்துப் போட்டுவிடுவேன், அதனால் சொல்லிவிடுகிறேன். பன்னிரண்டாம் தேதிக்கு டிக்கெட் போட்டிருக்கிறாயாம், சம்பளமில்லாத லீவு எடுத்துக்கொண்டு நம் நாய் சிம்சிமைத் தேட வருகிறாயாம். வராதே அம்மா. சிம்சிம் ஓடிப்போகவில்லை. அவன் செத்து இன்றோடு இருபத்துமூன்று நாள் ஆகிறது, அவனைக் கொன்றது நான்தான்.

உட்கார்ந்துகொள், தண்ணீர் குடி, பிறகு படி. நீ அனுப்பிக்கொண்டிருந்த அந்தப் பை பிஸ்கட் செப்டம்பரில் தீர்ந்துவிட்டது, கடைகளில் கேட்டால் சாமான் வரவில்லை என்று கையை விரித்தார்கள். வெறும் ரொட்டியைப் போட்டால் அவன் மோந்து பார்த்துவிட்டு என்னையே பார்ப்பான். நாற்பது வருஷமாக ஊருக்கே சுட்டுப் போடுகிறவன் வீட்டில் ஒரு நாய் பிஸ்கட்டுக்கு ஏங்குவதா என்று எனக்கு ரோஷம் வந்துவிட்டது. நாய் என் பேக்கரி வாசலை மிதித்தால் காலை உடைப்பேன் என்று உன்னிடம் கத்தியவன் நான்தான், மறக்கவில்லை. தவிட்டோடு அரைத்த கோதுமை மாவு, அவித்து மசித்த கோழி ஈரல், ஒரு முட்டை, கொஞ்சம் பூசணி, இதையெல்லாம் பிசைந்து காப்பிக் கிண்ணத்தின் வாயால் வட்டமாக வெட்டி, ரொட்டி வேலை முடிந்து சூடு இறங்குகிற நேரத்தில் அடுப்பின் ஆழத்தில் தள்ளி வைத்தால் மெல்ல மெல்லக் காய்ந்து பல்லுக்குச் சத்தம் கொடுக்கும்படி வரும். ஒன்றைக் கொடுத்தால் அவன் வாயில் கவ்விக்கொண்டு போய்த் தன் கம்பளத்தில் வைத்துத்தான் கடிப்பான், பிறகு பொடியைக்கூட விடாமல் நக்குவான். முடிதிருத்துகிற தன்னூஸ் இதைப் பார்த்துவிட்டு, "என்ன இஸ்கந்தர், நானும் நாலு கால்ல நடந்து வந்தா எனக்கும் சுட்டுத் தருவியா?" என்று தெருவுக்கே கேட்கும்படி கேட்டான். அவனுடைய வேட்டை நாய்க்கும் ஒரு பை கட்டிக் கொடுத்தேன், அந்தக் கதையைப் பிறகு சொல்கிறேன்.

நீ ஃபிரிட்ஜ் கதவில் ஒட்டிவிட்டுப் போன சீட்டைப் பார்த்துப் பார்த்துத்தான் எல்லாம் செய்தேன். சாக்லேட் கூடாது, வெங்காயம் கூடாது, பூண்டு கூடாது, கோழி எலும்பு கூடாது, சர்க்கரை கூடவே கூடாது என்று கோடு போட்டு எழுதியிருந்தாய். ஒரு மாதம் அப்படியே சுட்டேன், ஒரு குறையும் இல்லை. பிறகு நம் வீட்டுப் பந்தல் திராட்சை மொட்டைமாடியில் காய்ந்து இறங்கியது. இந்த வருஷம் அப்படி ஒரு பழம், தேன் நிறம், விரலில் ஒட்டுகிற இனிப்பு. சர்க்கரைதானே கூடாது, இது நம் கொடியில் காய்த்ததுதானே, இதில் என்ன கெடுதல் என்று இரண்டு கைப்பிடி ஊறவைத்து, பாதியை இடித்தும் பாதியை முழுசாகவும் மாவில் போட்டுவிட்டேன். அம்மா பெய்ரூத்துக்குக் கிளம்பின மறுநாள் அது. உன் சீட்டில் திராட்சை இல்லை. உன்மேல் பழி போடுவதற்காக இதைச் சொல்லவில்லை, சத்தியமாக இல்லை. நீயும் இந்த ஊரில் வளர்ந்தவள். பால்குடி மறந்த குழந்தைக்கு முதலில் திராட்சைத் தண்ணீரும், பிள்ளை பெற்றவளுக்குத் திராட்சைப் பாகும் கொடுக்கிற ஊரில், விஷம் என்று எழுதும்போது யாருக்கு அது கைக்கு வரும்?

முதல் நாளே வாந்தி எடுத்தான். எங்கேயோ தெருவில் எதையோ தின்றுவிட்டான் என்று நினைத்தேன். மறுநாள் தட்டைத் தொடவில்லை, தண்ணீராகக் குடித்தான், நடந்தால் பின்னங்கால் தள்ளாடியது. அன்றைக்கு விமானச் சத்தம் வேறு அதிகம், பயத்தில் சோர்ந்துவிட்டான் என்று எனக்கு நானே வைத்தியம் சொல்லிக்கொண்டேன். சோர்ந்தவனுக்கு இந்த வீட்டில் என்ன கொடுப்போம்? திராட்சைப் பாகை ஒரு கரண்டி எடுத்து வெதுவெதுப்பான தண்ணீரில் கலக்கி, அவன் தலையை மடியில் வைத்துக்கொண்டு வாயில் ஊற்றினேன். அவனுக்கு அது பிடிக்கவில்லை நைலா, முகத்தைத் திருப்பினான். "குடிடா, தெம்பு வரும், குடிடா ராசா" என்று தாடையைப் பிடித்துக்கொண்டு ஊற்றினேன். பிறகு பிஸ்கட்டை நீட்டினேன். வேறு எதையும் தொடாதவன் என் கையிலிருந்து அதை மட்டும் வாங்கி, பாதியைக் கடித்து, மீதியை என் செருப்பின் மேல் வைத்தான்.

மூன்றாம் நாள் அவனைத் தூக்கிக்கொண்டு ஆற்றங்கரைச் சாலையில் இருக்கிற கால்நடை டாக்டர் ரூலாவிடம் ஓடினேன். சின்னப் பெண், உன் வயதுதான் இருக்கும். வயிற்றை அமுக்கிப் பார்த்துவிட்டு, "மாமா, என்னத்தச் சாப்பிட்டான், ஒண்ணு விடாமச் சொல்லுங்க" என்றாள். நான் பெருமையாகச் சட்டைப் பையிலிருந்து ஒரு பிஸ்கட்டை எடுத்து நீட்டி, கடையில வாங்கினது இல்லம்மா, நானே சுட்டது என்றேன். அவள் அதை இரண்டாக உடைத்தாள். உள்ளே ஒன்றை நகத்தால் நெம்பி எடுத்து, "இது என்ன மாமா?" என்றாள். திராட்சைம்மா, எங்க வீட்டுப் பந்தல்ல காய்ச்சது, வேணும்னா உனக்கும் ஒரு கிலோ கொண்டாந்து தரேன் என்றேன். இதை நான் சொன்னேன் நைலா, சிரித்துக்கொண்டே சொன்னேன். அவள் அந்தத் திராட்சையை மேசையில் வைத்தாள். பிறகு, "நாய்க்கு இது விஷம் மாமா, சிறுநீரகத்தையே கொன்னுடும், பாகும் ஆகாது" என்றாள். நான் சண்டைக்குப் போனேன். எங்க பிள்ளைங்க ரெண்டு பேரும் இதைத் தின்னுதான் வளர்ந்தாங்க, எங்கயோ வெளிநாட்டுப் புத்தகத்துல படிச்சதை என்கிட்ட சொல்லாதே என்று கத்தினேன். அவள் ரத்தம் எடுத்துப் பார்த்து எண்ணைக் காட்டினாள். எனக்கு அந்த எண் புரியவில்லை, அவள் முகம் புரிந்தது.

ஊசிவழி மருந்து ஏற்றினார்கள், அன்று முழுவதும், மறுநாளும். நான் பேக்கரியைப் பூட்டிவிட்டு அங்கேயே ஸ்டூலில் உட்கார்ந்திருந்தேன். சிறுநீர் வந்தால் பிழைப்பான் என்றாள் ரூலா, அவன் அடியில் விரித்த துணியை நான் மணிக்கொரு தடவை தொட்டுத் தொட்டுப் பார்த்தேன், காய்ந்தே இருந்தது. இரண்டாம் நாள் மதியம் நீ போன் செய்தாய், ஞாபகம் இருக்கிறதா? சிம்சிம் எங்கே என்று கேட்டாய். தூங்குகிறான் என்றேன். "ஒரே ஒரு தடவை காட்டுங்கப்பா, மூஞ்சியை மட்டும் பார்த்துட்டு வச்சிடறேன்" என்றாய். உன் குரல் கேட்டு அவன் காதைத் தூக்கினான். லைன் சரியில்லை, பிறகு பேசுகிறேன் என்று நான் கட் பண்ணிவிட்டேன். அவனைக் கொன்றது அறியாமல் செய்தது, அதைத் தாங்கிக்கொள்ளலாம் போலிருக்கிறது. இது தெரிந்து செய்தது. மாலையில் ரூலா என்னிடம், இனிமே வச்சிருந்தா வலி மட்டும்தான் மாமா, விட்டுடலாமா என்று கேட்டாள். நான் தலையை ஆட்டினேன். அவன் தலை என் கையில்தான் இருந்தது. மாவுச் சாக்கில் சுற்றி நம் மேட்டு நிலத்தில் கல் சுவர் ஓரமாகப் புதைத்தேன், நரி தோண்டாதபடி ஆழமாகவே வெட்டினேன்.

மறுநாள் மலைக்கு அந்தப் பக்கம் குண்டு விழுந்து ஊரே ஆடியது. உன் அம்மா பெய்ரூத்திலிருந்து பதறிக்கொண்டு கூப்பிட்டு, எல்லாரும் நல்லா இருக்கீங்களா, நாய் பயந்துட்டானா என்று கேட்டாள். ஆமாம், பயந்து கதவைத் தள்ளிக்கொண்டு ஓடிவிட்டான் என்று வாயில் வந்துவிட்டது. ஒரு நிமிஷத்தில் வந்த பொய். அவள் உன்னிடம் சொன்னாள், நீ அவன் படத்தைப் போட்டு ஊரெல்லாம் தேடச் சொன்னாய், இன்றைக்குத் தன்னூஸ் கடைக் கண்ணாடியில்கூட அவன் முகம்தான் ஒட்டியிருக்கிறது. யாராவது போன் செய்து பழுப்பு நாய் ஒன்றைப் பார்த்தோம் என்கிறார்கள், உன் அம்மா உடனே செருப்பை மாட்டிக்கொண்டு கிளம்புகிறாள். தினம் மதியம் சாப்பாடு முடிந்ததும் ஆற்றங்கரைவரை போய் சிம்சிம், சிம்சிம் என்று கூப்பிட்டுவிட்டு வருகிறாள். வந்து, "இன்னிக்கு இல்ல, நாளைக்கு வந்துடுவான்" என்கிறாள். நான் சூப்பைக் குடித்துக்கொண்டு தலையாட்டுகிறேன். அவளுக்கு இன்னும் எதுவும் தெரியாது.

தன்னூஸ் வீட்டுக் கதையைச் சொல்கிறேன் என்றேனே, அவனுக்குக் கட்டிக் கொடுத்த பையும் திராட்சை போட்டுச் சுட்டதுதான். டாக்டரிடம் விஷயம் தெரிந்த அன்றே, சிம்சிமுக்கு மருந்து ஏறிக்கொண்டிருந்த நேரத்தில் அவன் வீட்டுக்கு ஓடி, மாவில் வண்டு விழுந்துவிட்டது, அந்த பிஸ்கட்டைத் திருப்பிக் கொடு என்றேன். அவன் அசடு வழிந்துகொண்டு, "நாய்க்கு எங்க போட்டோம், திராட்சை போட்டிருக்குன்னு எங்க பசங்களே தின்னு தீர்த்துட்டாங்க" என்றான். அப்படி அவன் நாய் பிழைத்தது. திரும்புகிற வழியில் வீட்டுக்குள் நுழைந்து கோடரியை எடுத்துக்கொண்டு பந்தலுக்குப் போனேன், கொஞ்ச நேரம் நின்றுவிட்டுத் திரும்ப வைத்துவிட்டேன், கொடி என்ன செய்தது.

ஒன்றை மட்டும் மறைக்கப் போவதில்லை. நீ வருகிறாய் என்று அம்மா சொன்னபோது எனக்குச் சந்தோஷமாகத்தான் இருந்தது. நான்கு வருஷமாக வரச்சொல்லி வராதவள் இப்போது வருகிறாள், வாயை மூடிக்கொண்டு இருந்தால் மகளைப் பார்க்கலாம் என்று மூன்று நாள் மூடிக்கொண்டும் இருந்தேன். நீ வந்து நாலு தெரு சுற்றித் தேடுவாய், நானும் டார்ச்சை எடுத்துக்கொண்டு கூட நடப்பேன், இப்படியெல்லாம் யோசித்தவன் உன் அப்பா. குண்டு விழுகிற ஊருக்கு, மண்ணுக்குள் இருக்கிற நாயைத் தேட, பெற்ற மகளை வரவழைக்கப் பார்த்தேன். வேலையை விட்டுவிட்டு வராதே. சண்டை ஓயட்டும், அப்போது எங்களைப் பார்க்க வா, அவன் இருக்கிற இடத்தைக் காட்டுகிறேன். கோபம் இருந்தால் கோபமாகவே இரு, எத்தனை நாள் பேசாமல் இருந்தாலும் எனக்கு அது சரிதான். காதை மூடுகிற தொப்பி இல்லாமல் வெளியே போகாதே, இரவில் வெறும் வயிற்றோடு படுக்காதே. சாமியா கையில் கொடுத்தனுப்ப அம்மா ஸாத்தர் மூலிகைப் பொடியும் பாலாடைக்கட்டியும் எடுத்து வைத்திருக்கிறாள்.

சாமியாவின் கார் தெருமுனை திரும்பியதும் அம்மாவிடம் எல்லாவற்றையும் சொல்லிவிடுவேன், அதற்குமேல் இந்தக் கடிதத்தை என்னால் திரும்ப வாங்க முடியாதல்லவா, அதனால்தான் அந்த நேரம். ஆனாலும் என்னை நம்பாதே. படித்து முடித்ததும் வீட்டுக்குப் போன் செய், அம்மாவிடம் கொடுக்கச் சொல், நீ எதுவும் பேசாமல் முதலில் அவளைப் பேசவிடு. சிம்சிமைத் தேடி இன்றைக்கு எந்தத் தெருவுக்குப் போனேன் என்று அவள் ஆரம்பித்தால், உன் அப்பா இன்னும் சொல்லவில்லை என்று தெரிந்துகொள். அப்போது நீ சொல்லிவிடு அம்மா. அவள் செருப்பைக் கழற்றட்டும்.

மாதா உன்னைத் தன் முந்தானைக்குள் வைத்துக் காக்கட்டும், நல்ல ஆயுசோடு இரு.

உன் அப்பா,
இஸ்கந்தர்