உமேஷைக் குளிப்பாட்டிய குடம்

ஈஜிபுரா, பெங்களூர்
9-8-1998

அன்பு மகன் கௌதமனுக்கு அம்மா எழுதுவது. என் உடம்புக்கு ஒரு குறையும் இல்லை, நீயும் கிருத்திகாவும் குழந்தையும் மஸ்கட் வெயிலில் சுகமாக இருக்க வேண்டும். மனசைப் பற்றிக் கேட்காதே. நீ போனில் கத்தியதிலிருந்து சோறு இறங்கவில்லை. அப்போது சொல்ல முடியாததை எழுதுகிறேன், கோபப்படாமல் கடைசிவரை படி.

நம் இட்லிக் கடைக்கு எதிரே பாதாளச் சாக்கடை அடைத்துக்கொண்டது, பக்கத்து வீட்டு உமேஷை இறக்கினார்கள். அந்த நாற்றத்தில் தெளிந்த மனுஷன் இறங்க முடியாது, உனக்கே தெரியும், காண்ட்ராக்டரின் மேஸ்திரியே சாராயப் பாக்கெட் வாங்கி வந்து அவன் கையில் கொடுத்ததை இட்லி எடுத்துக்கொண்டே பார்த்தேன். இடுப்புக்குக் கயிறுகூடக் கட்டவில்லை. பிணமாகத்தான் வெளியே வந்தான். ரோட்டோரம் போட்டுவிட்டு அதே மேஸ்திரி போலீஸிடம், குடிச்சிட்டு அவனாவே விழுந்துட்டான் சார் என்கிறான். ஈ மொய்க்கிறது, எல்லோரும் மூக்கைப் பொத்திக்கொண்டு நிற்கிறார்கள், அவன் பெண்டாட்டி மகா, மூஞ்சி தொடைக்கவாவது தண்ணி குடுங்கக்கா என்று அழுதாள். கடைக் குடத்தைத் தூக்கிப்போய் முகம் கை கால் எல்லாம் நானே கழுவினேன். அன்றிலிருந்து நம் கடையில் யாரும் சாப்பிடுவதில்லை. குடத்தை மாற்றினால் வருகிறோம் என்று பெரிய மனசு பண்ணிச் சொல்கிறார்கள். மாற்ற மாட்டேன்.

வியாழக்கிழமை தாசில்தார் ஆபீசில் விசாரணை. பாக்கெட் கொடுத்ததைச் சொல்ல என்னை விட்டால் ஆளில்லை, கூட வேலை செய்தவர்களுக்கு நாளைக்கும் அந்தக் காண்ட்ராக்டரிடம்தான் பிழைப்பு. அவன் ஆட்கள் கடைக்கு வந்து, இந்த வயசுல உனக்கு எதுக்கும்மா ஊர் வம்பு என்று சிரித்துக்கொண்டே எரிகிற அடுப்பில் தண்ணீரை ஊற்றிவிட்டுப் போனார்கள். எனக்குப் பயம்தான், இல்லை என்று சொல்லவில்லை. நீயும் அவர்களைப் போலவே வாயை மூடு என்கிறாய், பேப்பரில் பெயர் வந்தால் மாமனார் வீட்டில் தலை காட்ட முடியாது என்கிறாய். அதுதான்டா தாங்கவில்லை.

உன் கல்யாணப் பத்திரிகையில் அப்பா பெயருக்குக் கீழே மாநகராட்சி ஊழியர் என்று போட்டாய். விசாரணையில் என் பெயர் கேட்பார்கள், புருஷன் பெயரும் அவர் செய்த வேலையும் கேட்பார்கள். பாதாளச் சாக்கடையில் இறங்கினவர் என்று எல்லோர் காதிலும் விழச் சொல்லப்போகிறேன். அதற்குமுன் கிருத்திகாவிடம் நீயே சொல்லிவிடு.

குழந்தைக்குச் சளி என்றாயே, ஏசிக்கு நேரே படுக்க வைக்காதே. புத்தர் உங்கள் மூவருக்கும் துணை இருக்கட்டும். பேரனுக்குத் தாத்தா பெயரைத்தானே வைத்திருக்கிறாய், தாத்தா என்ன வேலை செய்தார் என்று ஒருநாள் கேட்பான். தலை குனியாமல் சொல்லு.

உன் நினைவாகவே இருக்கும் அம்மா,
எல்லம்மா